ஒரு பாலாடைக் கஞ்சி

சந்திரகலா சொல்லும் பொய்கள் எல்லாம் சின்னப் பொய்கள். அடி அண்ணாமலை அங்கன்வாடிக்கு வேலைக்கு வந்த புதிதில் அவளிடம் ஒன்றுகூட இல்லை. பயிற்சியில் சொல்லிக் கொடுத்ததை வீடு வீடாகப் போய் அப்படியே ஒப்பித்தாள். புரதம், இரும்புச்சத்து, முதல் ஆயிரம் நாள். பெண்கள் மரியாதையாகத் தலையாட்டினார்கள். சத்துமாவுப் பாக்கெட்டை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டு போய் மாட்டுத் தொட்டியில் கொட்டினார்கள். சாயங்காலம் தெருவில் நடந்தால் வறுத்த கேழ்வரகும் வெல்லமும் கலந்த வாசனை தொட்டிகளிலிருந்து வரும்.

ஒரு நாள் எரிச்சல் தாளாமல் ஒருத்தியிடம், "மாட்டுக்கு வைக்காத, பால் வத்திப்பூடும்" என்றாள். அடுத்த வாரம் தெருவில் அந்த வாசனை இல்லை.

அன்றைக்குத்தான் அவள் வேலையைக் கற்றுக்கொண்டாள். மாசமாக இருக்கிறவளிடம், தினம் ஒரு உருண்டை தின்றால் பிள்ளை கலராகப் பிறக்கும் என்றாள். மருமகளின் பாக்கெட்டைத் தானே தின்றுவிடும் மாமியாரிடம், வயசானவங்க சாப்பிட்டா முட்டி புடிச்சிக்கும் என்றாள். முட்டையைப் புருஷனுக்கு எடுத்து வைக்கும் பெண்ணிடம், அது பொம்பளைங்களுக்குன்னு ஊசி போட்ட கோழி முட்டை என்றாள். ஒவ்வொரு வீட்டுக்கும் அந்த வீட்டு வாசலில் நுழையும் அளவுக்கு ஒரு பொய். போளூர் பக்கம் மணிலாக்கடலை போடும் ஒரு கொல்லைக்காரர் வீட்டில் பிறந்து, பிளஸ் டூ முடித்து, ஆட்டோ ஓட்டும் ராஜேந்திரனைக் கட்டிக்கொண்டு இந்த ஊருக்கு வந்தவள். பொய் சொல்லத் தெரியாத மருமகள் என்று பெயர் எடுத்திருந்தாள்.

"உண்மைய சொல்லி எந்தப் புள்ள வாயிலயும் ஒரு வாய் போனதில்ல ஆயா" என்று சமையல் ஆயா தங்கம்மாளிடம் சொல்வாள்.

"எனக்கு இன்னா பொய் சொல்லி வேலை வாங்கறன்னுதான் நானும் பாத்துனு கீறேன்" என்பாள் தங்கம்மாள்.

பரசுராமன் வீட்டுக்கு அவள் கொண்டுபோன பொய் இது: "இது சோறு இல்ல மாமா. மருந்து மாதிரி."

அந்த வீட்டில் குலதெய்வம் பச்சையம்மனுக்கு முதல் முடி இறக்காமல் குழந்தையின் வாயில் சோறு வைப்பதில்லை. இட்லி, கஞ்சி, வாழைப்பழம் எதுவும் இல்லை. பால் மட்டும். முடி இறக்கத் தாய்மாமன் மடி வேண்டும். பரசுராமனின் பேத்தி கவிநிலாவின் தாய்மாமன் அருண்பிரசாத், வேங்கிக்காலில் செல்போன் கடை வைத்திருக்கிறான். அவன் வரமாட்டான்.

மருமகள் ஆர்த்தியின் வளைகாப்புக்குப் பரசுராமன் தெருமுனையில் பேனர் கட்டினார். அதில் அவருடைய தங்கை மக்கள் எல்லாருடைய படமும் இருந்தது. வேறு ஊரில் இருந்து வராதவர்கள் படமும் இருந்தது. பெண்ணின் கூடப்பிறந்தவனான அருண்பிரசாத்தின் படம் இல்லை. அச்சடித்த பையன் விட்டுவிட்டான் என்றார் பரசுராமன். அருண்பிரசாத் வரிசைத் தட்டுகளோடு பேனருக்குக் கீழே நின்று ஒவ்வொரு முகமாகப் பார்த்தான். "அவரு வாங்கன மாடு கூட கீது" என்று பக்கத்தில் நின்ற யாரோ சொல்லிச் சிரித்தார்கள். மாடு இருந்தது உண்மை. அவன் தட்டுகளை வைத்துவிட்டுச் சாப்பிடாமல் திரும்பிப் போனான். குழந்தை பிறந்த பிறகு, பரசுராமன் தன் வாசலுக்கு வந்து வெற்றிலை பாக்கு வைத்து அழைக்கட்டும், அப்புறம் மடியைப் பற்றிப் பேசலாம் என்று சொல்லி அனுப்பினான். சின்னப் பையன் வாசலில் போய் நிற்பதா என்றார் பரசுராமன்.

அந்த வீட்டில் அவர் பேச்சுதான். அவர் மனைவி இறந்து சில வருடங்கள் ஆகின்றன. மகன் மாறன் ஓசூரில் கம்பெனி வேலை. மாதத்துக்கு ஒரு முறை வருவான். போனில் பேசினால், "அப்பா சொல்றத கேட்டுக்கோ" என்பான். மருமகள் ஆர்த்தி கேட்டுக்கொண்டாள்.

பரசுராமனுக்கு வீம்பு மட்டும் என்றால் சந்திரகலா அதை எப்படியாவது வளைத்திருப்பாள். மாறனுக்கு முன்னால் அவருக்கு ஒரு குழந்தை இருந்தது. மாமியார் வீட்டில் முடி இறக்குவதற்கு முன்பே விளையாட்டாக ஒரு வாய் பருப்புச் சோறு ஊட்டினார்கள். அந்த மாதமே காய்ச்சலில் போய்விட்டது. இதை அவர் யாரிடமும் சொல்வதில்லை. ஊருக்குத் தெரியும்.

ஏழு மாதம் முடியும்போது ஆர்த்திக்கு டைபாய்டு வந்தது. தாய்ப்பால் கம்மியானது. மாட்டுப்பாலில் தண்ணீர் கலந்து கொடுத்தார்கள். குழந்தையின் தொடைச் சதை தளர்ந்து மடிப்புகள் மறைவதைச் சந்திரகலா பார்த்தாள். அதற்குப் பிறகுதான் அந்தப் பொய்யைச் சொன்னாள்.

பரசுராமன் பாக்கெட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். மோந்து பார்த்தார்.

"மருந்துன்னா பச்சையம்மா ஒன்னும் சொல்லமாட்டா" என்றார்.

"அதான் மாமா. மாவக் கரைச்சு கொதிக்க வச்சு மூணு வேளையும் குடுங்க. ஒரு வேளை கூட தப்பக் கூடாது."

"நான் குடுக்கறேன். இவ மறந்துடுவா."

சந்திரகலா நிம்மதியாகத் திரும்பி வந்தாள். அதுவரை அவள் சொன்ன பொய்களிலேயே அது நல்ல பொய் என்று நினைத்தாள்.

ஒரு மாதம் கழித்து எடை பார்க்கும் நாளில் ஆர்த்தி குழந்தையைக் கொண்டு வந்தாள். தராசில் உட்காரவைத்தபோது கவிநிலா அழவில்லை. எல்லாக் குழந்தையும் அந்தத் தட்டில் வைத்ததும் வீறிடும். தங்கம்மாள் கிலுகிலுப்பையை ஆட்டினாள். குழந்தையின் கண் அதன் பின்னால் போகவில்லை. எடை போன மாதத்தைவிடக் குறைந்திருந்தது. சந்திரகலா மறுபடி தூக்கி மறுபடி வைத்தாள். பிறகு கையளவு பார்க்கும் நாடாவை எடுத்துக் குழந்தையின் மேல்கையில் சுற்றினாள். பச்சை, மஞ்சள் இரண்டையும் தாண்டி இழுபட்டு, சிவப்பில் வந்து நின்றது.

"கஞ்சி குடுக்கறியா இல்லியா?"

"குடுக்கறோம் டீச்சர். மூணு வேளையும். மாமாவே குடுக்கறாரு."

"மாட்டுக்கு கீட்டுக்கு…"

"அய்ய, இன்னா டீச்சர். ஒரு வேளை கூட தப்பல."

ஆர்த்தி பொய் சொல்பவள் இல்லை. அது சந்திரகலாவுக்குத் தெரியும். "மாவ எடுத்துப் பாக்கறேன், வா" என்று அவள் கூடவே வீட்டுக்குப் போனாள்.

அவர்கள் போய் உட்கார்ந்த கொஞ்ச நேரத்தில் உள்ளேயிருந்து செல்போன் அலாரம் அடித்தது. பரசுராமன் கொல்லைப்புறத்திலிருந்து ஓட்டமாக வந்தார். சோப்புப் போட்டுக் கை கழுவினார். அடுப்படியிலிருந்து ஒரு டம்ளரைக் கொண்டு வந்தார். கூடவே குழந்தைகளுக்கு மருந்து புகட்டும் சின்ன மூக்கு வைத்த வெள்ளிப் பாலாடை. டம்ளரிலிருந்து பழுப்புத் தண்ணீர் போல ஒன்றைப் பாலாடையில் விளிம்பு வரை ஊற்றினார். ஒரு சொட்டு கூடிவிட்டது என்று திரும்ப டம்ளரில் சாய்த்தார். குழந்தையை மடியில் கிடத்தி, கன்னத்தை லேசாக அழுத்தி, மூக்கில் ஏறாமல் பக்குவமாகப் புகட்டினார். வாயைத் துடைத்தார்.

"பாத்தீங்களா டீச்சர். மணி அடிச்சா நான் எங்க இருந்தாலும் வந்துடுவேன்."

சந்திரகலா எழுந்து அலமாரியைப் பார்த்தாள். சத்துமாவுப் பாக்கெட் இருமல் மருந்துக்கும் கிரைப் வாட்டருக்கும் பக்கத்தில், வாயில் ரப்பர் பேண்ட் போட்டு நின்றது. மேலே கொஞ்சம்தான் குறைந்திருந்தது. மருந்து என்று அவள் சொன்னாள். அவர் மருந்து மாதிரியே கொடுத்திருக்கிறார். ஒரு மாதமாக இந்தக் குழந்தை வேளைக்கு ஒரு பாலாடைத் தண்ணீர் குடித்திருக்கிறது.

"மாமா, இது பத்தாது. கெட்டியா கிளறி ஒரு கிண்ணம் குடுக்கணும்."

"மருந்த கிண்ணத்துல குடுப்பாங்களா?"

"குடுக்கலாம்."

"ஜாஸ்தி ஆனா புள்ள தாங்குமா? நீங்கதான ஒரு வேளை கூட தப்பக் கூடாதுன்னு சொன்னீங்க. அளவு முக்கியம் டீச்சர். எங்க வூட்டுக்காரி இருந்தப்ப அவளுக்கு டாக்டர் ஒரு மூடின்னு சொன்னா நான் ஒரு மூடிதான் குடுப்பேன்."

வேறொரு பொய் அவள் வாய்வரை வந்தது. மருந்தில் ரெண்டு விதம், இது கெட்டி மருந்து. சொல்லியிருக்கலாம். ஆனால் குழந்தையின் கை அவர் மடியிலிருந்து சரிந்து தொங்கிக்கொண்டிருந்தது. அதைப் பார்த்துக்கொண்டே அவளால் அளந்து பேச முடியவில்லை.

"இது மருந்து இல்ல மாமா. கேழ்வரகு, கோதுமை, கடலைப்பருப்பு, வெல்லம். சோறுதான். புள்ள பட்டினியா கீது."

பரசுராமன் பாலாடையைப் பார்த்தார்.

"அப்ப நான் ஒரு மாசமா இதுக்கு சோறு ஊட்டினு இருந்தேனா?"

பாலாடையைப் பிடித்திருந்த கையைப் புரட்டிப் பார்த்தார்.

"என் கையால."

"மாமா…"

"அதான் புள்ள இப்பிடி கீது" என்றார். குரல் உயரவில்லை. அலமாரியிலிருந்து பாக்கெட்டை எடுத்து சந்திரகலாவின் கையில் கொடுத்தார். "நீங்க போங்க டீச்சர். இனிமே இந்த வூட்டுக்குள்ள இது வரக் கூடாது."

"பெரிய ஆஸ்பத்திரியில சேக்கணும் மாமா. இதுக்குன்னே வார்டு கீது. தாயையும் புள்ளையையும் வச்சிப் பாப்பாங்க."

"அங்க இன்னா குடுப்பாங்க?"

அவள் கையிலிருந்த பாக்கெட்டைக் குனிந்து பார்த்தாள்.

"சேத்தீங்கன்னா கையெழுத்து போட்டுத் தூக்கினு வந்துடுவேன். மாறன வச்சே கையெழுத்து போடுவேன்" என்றார்.

பொய் சொல்லி ஒரு மாதம் போனது. உண்மையைச் சொல்லி அந்த ஒரு பாலாடையும் போனது. சந்திரகலா பாக்கெட்டை மார்போடு பிடித்துக்கொண்டு தெருவில் நடந்தாள். தங்கம்மாளிடம் சொன்னபோது அவள் கேலி எதுவும் செய்யவில்லை. "அந்த மாமங்காரன இழுத்துனு வந்தாத்தான் ஆவும்" என்றாள். சந்திரகலா வேங்கிக்கால் கடைக்குப் போன் செய்தாள். எடுத்தவன், அண்ணன் அன்னதான வேலையாய் அலைகிறார், பௌர்ணமி முடிந்து பேசுங்கள் என்றான். மறுநாளும் அதையே சொன்னான்.

பௌர்ணமியன்று மத்தியானமே கூட்டம் தொடங்கிவிட்டது. மலையைச் சுற்றும் கிரிவலப் பாதையில் வண்டிகளை நிறுத்திவிட்டார்கள். அங்கன்வாடிக்கு வெளியே மனிதத் தலைகளாகப் போய்க்கொண்டிருந்தது. குழந்தைகள் தூங்கும் நேரம். செருப்பில்லாத கால்களின் சத்தம் மட்டும் மழை போலக் கேட்டுக்கொண்டிருந்தது.

ஆர்த்தி பின்பக்கக் கதவு வழியாக வந்தாள். தோளில் குழந்தை. காலில் செருப்பு இல்லை.

"காலையில இருந்து கண்ணத் தொறக்கல டீச்சர். பாலும் குடிக்க மாட்டேங்குது."

சந்திரகலா குழந்தையின் உள்ளங்காலைச் சுண்டினாள். கால் மெல்லப் பின்னுக்குப் போனது. உதட்டின் ஓரத்தில் ஒரு முனகல். அது போதும் அவளுக்கு. ராஜேந்திரனுக்குப் போன் போட்டாள்.

"ஆட்டோ எங்க கீது?"

"ஈசான்ய லிங்கத்துக்கிட்ட நிக்குது. அதுக்கு மேல உட மாட்டேங்கறாங்க."

"அங்கயே நில்லு. நாங்க நடந்து வர்றோம்."

"நடந்தா? கூட்டத்துலயா?"

"வேற இன்னா, பறந்தா?" என்றாள். பையில் சத்துமாவுப் பாக்கெட்டையும் ஒரு கிண்ணத்தையும் ஸ்பூனையும் போட்டுக்கொண்டாள். பை ஏன் என்று தங்கம்மாள் கேட்கவில்லை.

பாதையில் இறங்கியதும் கூட்டம் அவர்களை எடுத்துக்கொண்டது. அதன் வேகத்துக்குத்தான் போக முடிந்தது. முந்த நினைத்தால் ஒரு முதுகு வந்து நின்றது. இடப்பக்கம் மாட்டுக்கு அகத்திக்கீரை விற்பவர்கள் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். ஆட்கள் நின்று கட்டுக்கட்டாக வாங்கி மாடுகளின் வாயருகே நீட்டினார்கள். வயிறு நிறைந்த மாடுகள் முகத்தைத் திருப்பிக்கொண்டன. கீரைக்காரர்களில், பௌர்ணமிதோறும் கடை போடும் பரசுராமனும் இருந்தார்.

ஆர்த்தி குழந்தையின் தலைமேல் முந்தானையை இழுத்துவிட்டாள். "பாக்காத. நேரா பாத்து நட" என்றாள் சந்திரகலா. பத்தடி போன பிறகு அவளே திரும்பிப் பார்த்தாள். பரசுராமன் எழுந்து நின்றிருந்தார். கையில் விற்காத ஒரு கட்டுக் கீரை. பிறகு கடையை அப்படியே விட்டுவிட்டு அவரும் கூட்டத்துக்குள் இறங்கினார்.

"வர்றாரு" என்றாள்.

"பிடுங்கினு போயிடுவாரு டீச்சர்."

"நடடீ."

யாரோ ஒரு அம்மாள் குழந்தையைப் பார்த்துவிட்டு ஒரு வாழைப்பழத்தை ஆர்த்தியின் கையில் திணித்தாள். "பாவம், தூக்கக் கலக்கம், குடும்மா புள்ளைக்கு" என்றாள். ஆர்த்தி அதைக் கையில் பிடித்தபடியே நடந்தாள். கொஞ்சதூரம் போனபின் இன்னொருவர் பிஸ்கட் பாக்கெட் கொடுத்தார். பந்தலுக்குப் பந்தல் மைக்கில் கூப்பிட்டார்கள். வாங்கம்மா, வாங்க, சூடா பொங்கல், சாப்பிட்டுட்டுப் போங்க. இரண்டு மூன்று முறை சந்திரகலா திரும்பிப் பார்த்தாள். அந்தக் கீரைக்கட்டு கூட்டத்தின் மேல் ஆடிக்கொண்டு, நெருங்காமலும் விலகாமலும் வந்துகொண்டிருந்தது.

குபேர லிங்கத்துக்கு முன்னால் ஆர்த்தி சட்டென்று நின்றாள்.

"அந்தப் பக்கம் போயிடலாம் டீச்சர்."

எதிரே ஒரு அன்னதானப் பந்தல். மேலே பேனர். பேனரில் எல்லோரையும்விடப் பெரிதாக அருண்பிரசாத் கைகூப்பியபடி இருந்தான். அதற்குக் கீழே நிஜமான அருண்பிரசாத், லுங்கியை மடித்துக் கட்டி, தொன்னைகளில் சாம்பார் சாதம் அள்ளி வைத்துக்கொண்டிருந்தான். வியர்வை சொட்டியது. "வரிசைல வாங்க, எல்லாருக்கும் கீது" என்று சொல்லிக்கொண்டே இருந்தான்.

"அவன் இன்னா சொல்லுவானோ. இங்க வேணாம். ஆஸ்பத்திரிக்கே போயிடலாம்."

"போவலாம். நாளைக்கு உங்க மாமா வந்து தூக்கினு போயிடுவாரு. அப்புறம்?"

சந்திரகலா குழந்தையை அவள் தோளிலிருந்து வாங்கிக்கொண்டாள். வரிசையில் நிற்காமல் பக்கவாட்டில் பந்தலுக்குள் நுழைந்தாள். ஒருவர், வரிசை, வரிசை என்று கத்தினார்.

அருண்பிரசாத் நிமிர்ந்தான். முதலில் டீச்சரைப் பார்த்தான். பின்னால் தங்கச்சியைப் பார்த்தான். கரண்டி பாத்திரத்திலேயே நின்றது.

"அவரு அனுப்பிச்சாரா?"

ஆமாம் என்று சொல்ல வேண்டியதுதான். வெற்றிலை பாக்கு வேண்டுமானால் இருபதடி தள்ளி விற்கிறார்கள். பரசுராமன் மாமா தலை குனிஞ்சிட்டாரு தம்பி, வரமுடியாம என்கிட்ட குடுத்தனுப்பினாரு. நல்ல பொய். அந்த வாசலுக்குள் நுழையும் அளவுக்கு இருந்தது. இருபதடி தள்ளி, கீரைக்கட்டோடு பரசுராமன் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்.

"இல்ல தம்பி" என்றாள். "யாரும் அனுப்பல. கைய தொடச்சிக்கோ."

"எதுக்கு?"

"தொடச்சிக்கோ."

அவன் தோள் துண்டில் கையைத் துடைத்தான். அவள் குழந்தையை அவன் கையில் வைத்தாள்.

வாங்கும்போது அவன் கைகள் சற்று மேலே தூக்கிக்கொண்டன. ஒரு எட்டு மாதக் குழந்தைக்கென்று அவன் வைத்திருந்த பலம் மிச்சப்பட்டுவிட்டது. முந்தானையை விலக்கி முகத்தைப் பார்த்தான். கவிழ்த்து வைத்திருந்த ஒரு வாளியின் மேல் உட்கார்ந்தான்.

"இன்னாடி பண்ணி வச்சிக்கிறீங்க" என்றான் ஆர்த்தியிடம். "இதுக்கு சோறு போடலியா நீங்க?"

"யாரு மடியில வச்சி போடறது?" என்றாள் ஆர்த்தி.

இத்தனை நாளில் அவள் எதிர்த்துச் சொன்ன முதல் வார்த்தை அதுதான் என்று சந்திரகலாவுக்குத் தோன்றியது. வரிசையில் நின்றவர்கள் நகராமல் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒரு கிழவர் தொன்னையை நீட்டியபடியே நின்றார்.

ஆர்த்தி குனிந்து பால் பாக்கெட் வெட்டுகிற கத்தரிக்கோலை மேசையிலிருந்து எடுத்தாள். முந்தானையால் துடைத்து அண்ணனிடம் நீட்டினாள்.

"பூமுடி எடு."

"இன்னாது?"

"மூணு கொத்து எடுத்து மஞ்சத்துணியில முடிஞ்சி வச்சா போதும். மொட்டை அப்புறம் கோயில்ல போடலாம். எங்க மாமியார் ஊர்ல அப்பிடித்தான் செய்வாங்களாம். மாமாவே ஒரு தரம் சொல்லிக்கிறாரு. மாறனுக்கு அப்பிடித்தான் எடுத்தாங்களாம்."

சந்திரகலா அவளைப் பார்த்தாள். இவ்வளவு நாள் இதை ஏன் சொல்லவில்லை என்று கேட்க வாயெடுத்தாள். பூமுடி எடுக்கவும் மாமன் மடி வேண்டும். அந்த மடி இன்றைக்குத்தான் கிடைத்திருக்கிறது. அவள் வாயை மூடிக்கொண்டாள்.

மஞ்சள் துணிக்குத் தேட வேண்டியிருக்கவில்லை. பந்தலில் கொடுப்பதற்கென்று ஒரு மூட்டை மஞ்சப்பை இருந்தது. ஒருவன் ஒரு பையின் ஓரத்தைக் கிழித்துக் கொடுத்தான். அருண்பிரசாத் குழந்தையை மடியில் கிடத்தினான். குழந்தையின் முடி மெல்லியதாக, நிறம் செத்துச் செம்பட்டையாக இருந்தது. மூன்று இடத்தில் நறுக்கினான். ஆர்த்தி அதைத் துணியில் வைத்து, தன் பர்ஸிலிருந்து ஒரு காசைச் சேர்த்து முடிந்தாள். முடிச்சை எடுத்துக்கொண்டு கூட்டத்தைக் குறுக்கே வெட்டி, பரசுராமன் நிற்கும் இடத்துக்குப் போனாள்.

அவள் அவரிடம் என்ன சொன்னாள் என்று இங்கே கேட்கவில்லை. அவர் கீரைக்கட்டைக் கீழே வைப்பது தெரிந்தது. முடிச்சை வாங்குவதும் தெரிந்தது. அதன்பின் ஒரு பஜனைக் கூட்டம் நடுவில் வந்து மறைத்துவிட்டது.

சந்திரகலா காத்திருக்கவில்லை. பந்தலில் கொதிக்கும் தண்ணீரை வாங்கிக் கிண்ணத்தில் மாவைக் கொட்டிக் கிளறினாள். ஸ்பூனைக் கவிழ்த்தால் விழாத அளவுக்குக் கெட்டியாக இருந்தது. ஊதி ஊதி ஆற்றினாள். அருண்பிரசாத்தின் கையில் ஸ்பூனைக் கொடுத்தாள்.

"நுனியில கொஞ்சமா எடு. உதட்டுல தடவு. திணிக்காத."

அவன் தடவினான். குழந்தையின் வாய் திறக்கவில்லை. கண்ணும் திறக்கவில்லை. கஞ்சி உதட்டில் ஒட்டிக்கொண்டு நின்றது.

"சாப்பிட மாட்டேங்குது."

"இரு."

பசி எடுக்கிற நிலையைக் குழந்தை தாண்டிவிட்டால் பிறகு வாய் திறக்காது. எத்தனை நல்ல சோறு வைத்தாலும் திறக்காது. பயிற்சியில் சொன்ன அந்த ஒரு விஷயம் மட்டும் அவளுக்கு எந்தப் பொய்யும் கலக்காமல் அப்படியே நினைவிருந்தது. அவள் குழந்தையின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். பஜனைக் கூட்டம் ஜால்ராவைத் தட்டிக்கொண்டு கடந்து போனது. அருண்பிரசாத் மறுபடியும் தடவினான். குழந்தையின் நாக்கு வெளியே வந்தது. கஞ்சியை வெளியே தள்ளிவிட்டு உள்ளே போனது.

அவன் நிமிர்ந்து சந்திரகலாவைப் பார்த்தான். அவள் இன்னும் தலையாட்டவில்லை.

மூன்றாவது முறை நாக்கு வெளியே வந்து, உதட்டு ஓரத்தில் நின்று, ருசி தெரிந்தது போலக் கொஞ்சம் சுழன்றது. உள்ளே போனது. தொண்டை ஒரு முறை ஏறி இறங்கியது.

"முழுங்கிடுச்சி" என்றார் தொன்னையை நீட்டி நின்ற கிழவர்.

நாலைந்து முறை வாங்கியது. அதற்குள் களைத்துப் போய்த் தலையைத் திருப்பிக்கொண்டது. இன்னும் கொடுக்கப் போனவனின் கையைச் சந்திரகலா பிடித்தாள்.

"போதும். ஒரேயடியா குடுத்தா தாங்காது. இது வூட்ல வச்சிப் பாக்கற கட்டம் இல்ல. ஆஸ்பத்திரிக்குத்தான் போவணும். கிளம்பு."

"நானா?"

"பின்ன? உன் மடி காலி ஆயிடுச்சின்னா அவரு தூக்கினு போயிடுவாரு."

அவன் கரண்டியைப் பக்கத்தில் நின்றவன் கையில் கொடுத்தான். எழுந்து நடந்தான். இந்த முறை கூட்டம் வழிவிட்டது. பந்தல்காரன் ஒருவன் முன்னால் ஓடி, வழி விடுங்க, புள்ளைக்கு ஒடம்பு சரியில்ல என்று சொல்லிக்கொண்டு போனான். கொஞ்ச தூரத்தில் ஆர்த்தி வந்து சேர்ந்துகொண்டாள். அவள் கையில் வாழைப்பழம் இன்னும் இருந்தது. அவளுக்குப் பின்னால் பரசுராமன். கீரைக்கட்டு இல்லை. மூடிய வலது கையை வயிற்றோடு வைத்திருந்தார். அருண்பிரசாத்தின் முகத்தைப் பார்க்கவில்லை. அவனும் அவர் பக்கம் திரும்பவில்லை.

"டீச்சர்" என்றார்.

"சொல்லுங்க மாமா."

"ஆஸ்பத்திரியில இன்னா குடுப்பாங்க?"

அன்றைக்கு வீட்டில் கேட்ட அதே கேள்வி. மருந்து என்ற வார்த்தை பழக்கதோஷத்தில் நாக்குக்கு வந்தது. அதை அவள் விழுங்கினாள்.

"சோறுதான் மாமா. மொதல்ல பால் மாதிரி கரைச்சு குடுப்பாங்க. அப்புறம் கெட்டியா. அப்புறம் முட்டை, பருப்பு, எல்லாம்."

அவர் நடந்துகொண்டே இருந்தார். ஈசான்ய லிங்கத்துத் தடுப்பு தெரிந்தது. அதற்கு அந்தப் பக்கம் ராஜேந்திரன் ஆட்டோவின் மேல் ஒரு காலை வைத்து எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தான்.

அப்போது பரசுராமனின் சட்டைப் பையில் அலாரம் அடித்தது. சாயங்கால வேளை. பாலாடையை நிறுத்திய பிறகும் அதை நிறுத்தத் தெரியாமல் வைத்திருந்தார். நின்று, இடது கையால் எடுத்து, மினுங்கும் திரையைப் பார்த்தார்.

"எத்தன வேளை குடுப்பாங்க?"

"ரெண்டு மணி நேரத்துக்கு ஒரு தரம். ராத்திரியும்."

"ராத்திரியுமா?"

"ஆமா."

அவர் போனை அருண்பிரசாத்தின் பக்கம் நீட்டினார். பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை.

"இத ரெண்டு மணி நேரத்துக்கு ஒரு தரம் அடிக்கற மாதிரி வச்சிக் குடு."

"ரெண்டு கையிலயும் புள்ள கீது" என்றான் அருண்பிரசாத்.

ஒரு கணம் இருவரும் நின்றார்கள். கூட்டம் இரண்டாகப் பிரிந்து அவர்களைச் சுற்றிப் போனது. பரசுராமன் மஞ்சள் முடிச்சைச் சட்டைப் பைக்குள் வைத்துப் பொத்தானைப் போட்டார். கையை வேட்டியில் துடைத்துக்கொண்டு நீட்டினார். அருண்பிரசாத் குழந்தையை அதில் வைத்துவிட்டு, போனை வாங்கி, நடந்துகொண்டே திரையைத் தட்ட ஆரம்பித்தான்.